மும்பையில் முதல் படிவம்: உங்கள் பெயரை எப்படி எழுதுவது

மும்பைக்கு வந்து பெட்டியைப் பிரிப்பதற்குள் நாலைந்து படிவம் கைக்கு வந்துவிடும். வாடகை ஒப்பந்தம், வங்கிக் கணக்கு, கம்பெனி எச்.ஆர்., கேஸ் இணைப்பு, பிள்ளையின் பள்ளி. எல்லாவற்றிலும் பெயருக்கு மூன்று கட்டம் போட்டிருப்பார்கள். ஊரில் 'க. முருகன்' என்று இத்தனை வருஷம் இருந்தவர் இங்கேதான் முதலில் தடுமாறுவார். அவசரத்தில் நிரப்பும் அந்த முதல் படிவத்தின் எழுத்தே பிறகு ஒவ்வொரு ஆவணத்துக்கும் ஒட்டிக்கொண்டு வரும் என்பதால், பேனாவை எடுக்கும் முன் ஒரு மணி நேரம் ஒதுக்கி இதை முடிவு செய்துவிடுங்கள்.

முதலில் மராத்திச் சொற்கள். 'நாவ்' என்றால் உங்கள் பெயர். 'வடிலாஞ்சே நாவ்' அப்பா பெயர், 'ஆயீசே நாவ்' அம்மா பெயர், 'பதீசே நாவ்' கணவர் பெயர். 'ஆட்நாவ்' குடும்பப் பெயர். பல பள்ளிப் படிவங்களில் ஆட்நாவ்தான் முதல் கட்டம். பழக்கத்தில் சொந்தப் பெயரை அதில் எழுதிவிடாதீர்கள். இங்குள்ளவர்களுக்குப் பெயர் என்றாலே தன் பெயர், அப்பா பெயர் (மணமான பெண்ணுக்குக் கணவர் பெயர்), குடும்பப் பெயர் மூன்றும் சேர்ந்ததுதான். நம்மிடம் மூன்றாவது கிடையாது. சிக்கலின் வேர் அதுதான்.

எப்படிச் சிக்கும் என்று பாருங்கள். முருகனின் அப்பா கந்தசாமி. நடுக்கட்டத்தில் 'கந்தசாமி' என்று எழுதுகிறார். கடைசிக் கட்டத்தைக் காலியாக விட கம்ப்யூட்டர் சம்மதிக்காததால் அங்கேயும் 'கந்தசாமி'. அட்டை 'முருகன் கந்தசாமி கந்தசாமி' என்று வந்து சேரும். ஆபீஸில் எல்லோரும் 'கந்தசாமிஜி' என்று அப்பாவைக் கூப்பிடுவார்கள். மனைவி 'லட்சுமி முருகன்', மகள் 'இனியா முருகன்'. ஆக, கணவரின் ஆட்நாவ் கந்தசாமி, மற்ற இருவருக்கும் முருகன். வீட்டுக் கடனுக்கோ பள்ளி அட்மிஷனுக்கோ போனால், மூவரும் ஒரே குடும்பம் என்று நிரூபிக்கத் திருமணப் பதிவுச் சான்றையும் பிறப்புச் சான்றையும் தூக்கிக்கொண்டு அலைய வேண்டும்.

'சர்நேம் க்யா ஹை?' என்று கேட்பவர் பெரும்பாலும் கட்டத்தை நிரப்பத்தான் கேட்கிறார். சாதியை அறியவும் சிலர் கேட்பதுண்டு. எதற்குக் கேட்டாலும், தாத்தா காலத்தில் விட்ட சாதிப் பெயரைத் தூசு தட்டி எடுத்து அந்தக் கட்டத்தில் போட வேண்டியதில்லை. 1929-இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தை விடச் சொல்லித் தீர்மானம் போட்டது. அப்படி விட்டதால்தான் நம் பெயர் இன்று ஓர் எழுத்தும் ஒரு பெயருமாக நிற்கிறது. அதை ஒரு சாப்ட்வேருக்காகத் திருப்பிக் கொடுக்காதீர்கள். அப்பா பெயரையே ஆட்நாவாக வையுங்கள். குடும்பம் முழுவதற்கும் ஒரே பெயர் வேண்டுமானால் தாத்தா பெயர், ஊர்ப் பெயர், நீங்கள் இருவரும் விரும்பும் ஒரு தமிழ்ப் பெயர் எதுவும் ஆகும். எதை எடுத்தாலும் எல்லா இடத்திலும் அதே எழுத்துகள், அதே வரிசை.

இனிஷியலை விரிக்கும்போது ஒரு பள்ளம் உண்டு. தமிழில் 'க.' என்று இருந்தால் அப்பா கந்தசாமியாகவும் இருக்கலாம், கணேசனாகவும் இருக்கலாம். முதலாமவருக்கு ஆங்கிலத்தில் 'கே', இரண்டாமவருக்கு 'ஜி'. 'ப.' பழனியானால் 'பி', பரதன் என்றால் ஆங்கிலத்தின் இரண்டாம் எழுத்து. தமிழ்ச் சான்றிதழைப் பார்த்துத் தட்டச்சு செய்பவர் கண்ணை மூடிக்கொண்டு 'கே' போட்டுவிடுவார். எஸ்.எஸ்.எல்.சி. சான்றிதழின் ஆங்கில வரியைப் பக்கத்தில் வைத்து ஒவ்வொரு எழுத்தாகச் சரிபாருங்கள்.

ஒற்றைப் பெயர் மட்டும் வைத்திருப்பவர்களுக்கு: பான் விண்ணப்பத்தில் அந்தப் பெயர் கடைசிப் பெயர் கட்டத்தில் போகும், மற்ற இரண்டும் காலி. பாஸ்போர்ட்டில் நேர்மாறு, சொந்தப் பெயர் கட்டத்தில் எழுதி சர்நேமைக் காலியாக விடலாம். பான் விண்ணப்பத்தில் முதல் பெயரும் கடைசிப் பெயரும் வெறும் இனிஷியலாக இருக்கக் கூடாது. வளைகுடா போகும் எண்ணமிருந்தால் இன்னொன்று: பாஸ்போர்ட்டில் ஒரே சொல்லாகப் பெயர் உள்ளவர்களைச் சுற்றுலா விசாவில் அனுமதிப்பதில்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் அறிவித்தது. பாஸ்போர்ட் புதுப்பிக்கும்போதே அப்பா பெயரைச் சேர்த்துவிடுவது நல்லது.

நாகரி எழுத்தில் உங்கள் பெயர்

மகாராஷ்டிரத்தில் எடுக்கும் ஆதாரில் ஆங்கிலத்தோடு மராத்தியிலும் உங்கள் பெயர் இருக்கும். ஆங்கிலத்தில் தட்டியதைக் கம்ப்யூட்டரே மராத்தியாக்கும். தமிழ்ப் பெயர் அடிபடுவது அங்கேதான், காரணமும் எளிது. ஆங்கிலத்தில் எழுதும்போது நாம் 'டி'யை ட-வுக்கு வைத்துக்கொண்டு, த-வுக்கு 'டி'யோடு 'எச்' சேர்க்கிறோம். வடக்கே 'எச்' சேர்ந்தால் அது மூச்சு விட்டு அழுத்திச் சொல்லும் இரண்டாவது த. அதனால் கார்த்திக், லதா, கீதா, முத்து எல்லாம் அந்த அழுத்தமான எழுத்தோடு வந்து நிற்கும். வகுப்பில் டீச்சர் அப்படியே வாசிப்பார்.

திரையில் பெயர் தெரியும்போதே ஆப்பரேட்டரிடம் 'தலவாரீசா த' என்று சொல்லுங்கள். இங்கே குழந்தைகள் முதல் த-வை வாள் படம் பார்த்துத்தான் படிக்கிறார்கள், உடனே புரிந்துவிடும். கண்ணன், மணி, அருணா ஆகியவற்றுக்கு 'பாணாசா ண' என்று அம்பைச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் கண்ணன் 'கன்னன்' ஆவார், மணி 'மனி' ஆவார். நெடிலையும் கவனியுங்கள். கலா என்ற பெயரில் முதலெழுத்து நீண்டால் 'காலா', அதாவது கறுப்பு. பள்ளியில் அந்தப் பெண் படும் பாட்டை நினைத்தாவது சரிபார்க்க வேண்டிய எழுத்து அது.

ழ-வுக்குத் தனியாக ஒரு புள்ளியிட்ட நாகரி எழுத்து உண்டு, ஆனால் புழக்கத்தில் யாரும் தட்டுவதில்லை. ஆங்கில எழுத்துகளைப் பார்த்துத் தட்டினால் யாழினி 'யாஜினி' போல ஆகிவிடுவாள். இந்தியில் இல்லாத ள மராத்தியில் இருக்கிறது. அது நமக்குப் பெரிய உதவி. 'பாளாதலா ள' என்று கேட்டு வாங்குங்கள் ('பாள்' என்றால் குழந்தை). 'யாளினி' என்று கூப்பிடுவார்கள், அது பெயருக்கு மிக அருகில்தான். வாயில் நுழையாது என்று பயந்து எழிலையும் யாழினியையும் கைவிட வேண்டாம்.

உங்கள் பெயருக்கு இங்கே உறவு இருக்கிறது

அறிமுகத்தின்போது பெயரின் உறவைச் சொன்னால் எதிரில் இருப்பவருக்குச் சட்டென்று மனதில் பதியும். கண்ணன் என்பது கிருஷ்ணன் பிராகிருதத்தில் 'கண்ஹ' ஆகி, தமிழுக்கு வந்த வடிவம். அதே கிளையில் வந்தவைதான் இந்தியின் கன்ஹையாவும் மராத்தியின் கான்ஹோபாவும். மராத்தியக் கடற்படையை நடத்திய கான்ஹோஜி ஆங்கரே பெயரால் நம் கண்ணனுக்குப் பங்காளி. கந்தன் ஸ்கந்தனிலிருந்து வந்தவர். முருகன் என்ற பெயர் இங்கே புதிது, கார்த்திகேயன் என்றால் தெரியும். விநாயகம் பிரபாதேவி சித்திவிநாயகரின் பெயரேதான்; நாம் 'அம்' சேர்க்கிறோம், அவர்கள் 'விநாயக்' என்று நிறுத்துகிறார்கள்.

அந்த வால்தான் ஆபத்தும். சுந்தரத்தைச் சுந்தர் என்றும், பிரகாசத்தைப் பிரகாஷ் என்றும் குமாஸ்தா நல்லெண்ணத்தோடு 'திருத்தி'விடுவார். வாயால் கூப்பிடட்டும், தாளில் கூடாது.

கிறிஸ்தவப் பெயர்களில் தூரம் அதிகம். சவரிமுத்துவின் சவரி சேவியர். சூசை போர்த்துகீசிய ஜோசே, அதாவது ஜோசப். ராயப்பன் பீட்டர், சின்னப்பன் பால், அருளப்பன் ஜான், சந்தியாகு ஜேம்ஸ். இங்குள்ள பங்குச் சாமியாருக்குச் சூசை என்றால் விளங்காது, ஜோசப் என்று விளக்கலாம். ஆனால் ஞானஸ்நானப் பதிவில் ஜோசப் என்று எழுத விட்டுவிட்டு ஆதாரில் சூசை என்று வைத்திருந்தால் கல்யாணச் சமயத்தில் கஷ்டம். இஸ்லாமியப் பெயர்களில் நம் மைதீன் இங்கே மொஹியுதீன், காதர் இங்கே காதிர். 'அப்துல்' என்பதைத் தனிப் பெயராகப் பிரிக்க விடாதீர்கள். அப்துல் காதர் என்றால் வல்லவனின் அடியான். முதல் கட்டத்தில் அப்துல், கடைசியில் காதர் என்று வெட்டினால் ஒன்றில் பாதிச் சொல்லும், மற்றதில் இறைவன் பெயரும் நிற்கும். இரண்டையும் ஒரே கட்டத்தில் எழுதி, அப்பா பெயரைக் கடைசிக் கட்டத்துக்குக் கொண்டுபோங்கள்.

இங்கே பிள்ளை பிறந்தால்

2024 மே 1 முதல் பிறந்த குழந்தைகளுக்கு மகாராஷ்டிர அரசு ஆவணங்களில் பெயர் வரிசை இப்படி: குழந்தை பெயர், அம்மா பெயர், அப்பா பெயர், ஆட்நாவ். அம்மா பெயர் கட்டாயம். பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். ஆஸ்பத்திரியே விவரத்தை அனுப்பும் என்றாலும், டிஸ்சார்ஜுக்கு முன் அவர்கள் நிரப்பிய படிவத்தைக் கேட்டு வாங்கிப் பெற்றோர் பெயரின் எழுத்தைப் பாருங்கள். குழந்தைக்குப் பெயர் முடிவாகவில்லை என்றால் காலியாக விட்டுப் பதியலாம். 12 மாதத்துக்குள் கட்டணமின்றியும், அதன்பின் 15 வயது வரை தாமதக் கட்டணத்தோடும் சேர்க்கலாம். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளி, வாக்காளர் பட்டியல், ஓட்டுநர் உரிமம் என எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றே ஆதாரம். அங்கே விழுந்த பிழை கூடவே வளரும்.

பெரியவர்களுக்கு ஆதாரில் பெயர்த் திருத்தம் வாழ்நாளில் 2 முறைதான். இனிஷியலை விரிக்க ஒரு முறை, அவசரத்தில் செய்த தப்பைச் சரிசெய்ய ஒரு முறை என்று இரண்டையும் தீர்த்துவிடுபவர்கள் உண்டு. விரித்த பெயர் உள்ள பாஸ்போர்ட் கையில் இருந்தால் அதையே சான்றாகக் கொடுத்து முதலில் ஆதார், அதன் எழுத்தைப் பார்த்து பான், பிறகு வங்கி, கடைசியாக பி.எஃப். ஆதார் மையத்தில் ஒப்புகைச் சீட்டு தரும்போது கிளம்பிவிடாதீர்கள். அதிலுள்ள ஆங்கில வரியையும் மராத்தி வரியையும் படித்துப் பாருங்கள். மராத்தி படிக்கத் தெரியாதென்றால் ஆப்பரேட்டரையே வாய்விட்டு வாசிக்கச் சொல்லுங்கள். காதுக்கு உங்கள் பெயராகக் கேட்ட பிறகு எழுந்திருங்கள்.