முகத்தைப் பிடியுங்கள்: இத்தாலியத் துணை நடிகர் ஒருவரைத் திரையிட

ஈரோட்டிலோ கோவையிலோ ஒரு ஞாயிறு மாலை, ஒரு மணி நேரத்தில் இத்தாலியத் துணை நடிகர் ஒருவரின் திரைவாழ்வைக் காட்டுவதென்றால் மரியோ பிரேகாவை எடுங்கள். 1923இல் ரோமில் பிறந்தவர், கசாப்புத் தொழிலிலிருந்து நடிக்க வந்தவர். பார்த்தால் மறக்காத முகம்.

பெயரை வைத்துத் தேடினால் ஏமாறுவீர்கள். இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனேயின் 1964 கௌபாய் படம் ‘எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்’ வெளியானபோது டைட்டிலில் பிரேகா இல்லை, ‘ரிச்சர்ட் ஸ்டைவசன்ட்’ தான். அமெரிக்கப் படம்போல் தெரிய லியோனேயே பாப் ராபர்ட்சன் ஆன காலம் அது.

குரலும் ஆளைக் காட்டாது. அன்று பெரும்பாலும் டப்பிங்தான். 1958இல் வந்த ‘இ சொலித்தி இன்யோத்தி’ என்ற இத்தாலிய நகைச்சுவைப் படத்தில் சார்டீனியாத் தீவுக்காரரான நடிகர் திபேரியோ முர்ஜா சிசிலித் தீவுக்காரராக வருவார், பேசுவது வேறொருவர். திருநெல்வேலிக்காரரை வாயசைக்கவிட்டு, “ஏனுங், வாங்” என்று நம்மூர்க்காரர் பேசிய கணக்கு. அதனால் உச்சரிப்பைப் புகழ்வதற்கு முன் குரல் யாருடையது என்று பாருங்கள்.

ஐந்து துண்டுகள் போதும்: லியோனேயின் 1964 படம், 1965இன் ‘ஃபார் எ ஃப்யூ டாலர்ஸ் மோர்’, 1966இன் ‘தி குட், தி பேட் அண்ட் தி அக்லி’, இத்தாலிய நகைச்சுவை நடிகர்-இயக்குநர் கார்லோ வெர்தோனேயின் 1980 படம் ‘உன் சாக்கோ பெல்லோ’, லியோனேயின் 1984 படம் ‘ஒன்ஸ் அபான் எ டைம் இன் அமெரிக்கா’. தலைக்கு நான்கு நிமிடம், மீதி நேரம் பேச்சுக்கு. வருட வரிசை வேண்டாம். 1966இல் கைதி முகாமில் இசைக்குழு வாசிக்க, ஆளைப் போட்டு அடிக்கும் கார்ப்பரல் வாலஸாக பிரேகா வரும் துண்டை முதலில் போடுங்கள். அடுத்தே 1980: ஹிப்பி மகனிடம் ரோம் நகரப் பேச்சுவழக்கில் கத்தும் அப்பா, அதுவும் பிரேகாதான். சற்றுமுன் மிரண்ட கூட்டம் சிரிக்கும். வெர்தோனே துண்டுக்கு மட்டும் ஆறு நிமிடம் விடுங்கள். பேச்சை வெட்டினால் நகைச்சுவை செத்துவிடும்.

சப்டைட்டில் முதலில் பொருந்தி, போகப்போக விலகினால் பிரேம் வேகத்தில் கோளாறு. ஐரோப்பிய டிவிடி விநாடிக்கு 25 பிரேம் (படச்சட்டம்), சப்டைட்டில் 24க்குச் செய்தது என்றால் மணிக்கு இரண்டரை நிமிடம்போல் பிந்தும். விநாடிகளைத் தள்ளிப் பார்த்துப் பயனில்லை, பிரேம் வேகத்தையே மாற்ற வேண்டும்.

புரொஜெக்டரில் ‘ஜூம்’ போட்டுத் திரையை நிரப்பாதீர்கள். லியோனேயின் அறுபதுகளின் படங்கள் உயரம் 1 என்றால் அகலம் 2.35 என்ற அகலச் சட்டகம். மேலும் கீழும் கறுப்புப் பட்டை இருக்கட்டும். பட்டையை ஒழித்தால் இரு ஓரமும் போகும், ஓரத்தில் நிற்பவர்தானே துணை நடிகர்?