புதர்த் தவளையின் குரலைப் பதிவு செய்வது எப்படி?

ஐப்பசி மழை தொடங்கினால் திருகோணமலையில் எங்கள் கிணற்றடியில் மரத்தவளைகள் கூடிவிடும். மலைக்காட்டுப் புதர்த் தவளையின் குரலைப் பதிவு செய்ய விரும்புகிறவர்கள் முதலில் இப்படி ஓர் இடத்தில் பழகுவது நல்லது. நான் பழகாமல் நேரே மாத்தளைப் பக்கத்து நக்கிள்ஸ் மலைத்தொடரில் உள்ள ரிவர்ஸ்டன் மலைக்குப் போய், இரண்டு இரவுப் பதிவுகளை முழுதாக இழந்தேன்.

படம் போதாதா என்று கேட்கலாம். போதாது. இலங்கையின் புதர்த் தவளைகள் அடங்கிய சூடோபிலாட்டஸ் பேரினத்தில் பல இனங்கள் கட்டைவிரல் நுனியளவுதான் இருக்கும். ஒரே இனத்துக்குள்ளும் நிறமும் வரிகளும் மாறும். ஆனால் ஆண் தவளை துணையை அழைக்கும் குரல் இனத்துக்கு இனம் வேறு. 1853இல் இயற்கையியலாளர் கெலார்ட் விவரித்த சூடோபிலாட்டஸ் ஸ்டெல்லாட்டஸ் என்ற புதர்த் தவளை, அழிந்துவிட்டது என்று கருதப்பட்ட பின், 2009இல் சிவனொளிபாத மலைக்காட்டில் மீண்டும் கிடைத்தது. ஆகவே நாம் எடுக்கும் ஒரு நல்ல பதிவும் வீணாகாது.

படி 1: பயணம். தம்புள்ளை, மாத்தளை, இரத்தோட்டை வழியாகப் போகலாம். ரிவர்ஸ்டன் இருக்கும் நக்கிள்ஸ், பாதுகாக்கப்பட்ட காடு. இருட்டிய பின் உள்ளே நிற்க எண்ணினால் வனப் பாதுகாப்புத் திணைக்களத்திடம் முன்கூட்டியே பேசிவிடுங்கள்.

படி 2: பொருள்கள். சிவப்பு வெளிச்சமும் உள்ள தலைவிளக்கு, சிறிய வெப்பமானி, ஒலிவாங்கிக்கு ஒரு பஞ்சு உறை. விலை உயர்ந்த ஒலிவாங்கியை விட இந்தப் பஞ்சு உறைக்கே முதலில் பணம் செலவழிப்பேன். ரிவர்ஸ்டன் காற்று அப்படி.

படி 3: கைப்பேசியைச் சரிசெய்தல். என் இரண்டு இரவுகளும் போனது இங்கேதான். கைப்பேசியில் இருக்கும் ஒலிப்பதிவுச் செயலி மனிதப் பேச்சுக்காக அமைந்தது. பேச்சல்லாததை இரைச்சல் என்று எண்ணி அமுக்கிவிடும். புதர்த் தவளைகள் பலவற்றின் குரல் ‘டிக்... டிக்’ என்று நகத்தால் தகரத்தைத் தட்டியது போல் இருக்கும். காதுக்குத் தெளிவாகக் கேட்டது, வீட்டில் போட்டுப் பார்த்தபோது மங்கலான மூச்சொலியாக மட்டுமே இருந்தது. எனவே ஒலியைச் சுருக்காமல் வேவ் (WAV) கோப்பாகச் சேமிக்கும் செயலி ஒன்றைப் போடுங்கள். இரைச்சல் நீக்கம், தானியங்கி ஒலியளவு இரண்டையும் அணைத்துவிடுங்கள். ஒலியைச் சுருக்கிவிடும் எம்பி3 வேண்டாம். பிறகு கிணற்றடி மரத்தவளையைப் பதிவு செய்து, காதில் கேட்டதும் பதிவில் இருப்பதும் ஒன்றா என்று பாருங்கள். ஒன்றாக இருந்தால் மட்டும் மலைக்குப் புறப்படுங்கள்.

படி 4: தேடுதல். தனியாகத் தேடினால் குரல் எங்கிருந்து வருகிறது என்று தெரியாது. என் தங்கையும் நானும் பத்தடி இடைவெளியில் நின்று, குரல் வரும் திசையைக் கையால் காட்டுவோம். இரண்டு கைகளும் சந்திக்கும் புதரில்தான் தவளை இருக்கும். அன்று அது ஒரு ஏலக்காய் இலையின் மேல் இருந்தது. தொண்டைப் பை ஒரு மிளகு அளவுக்கு உப்பி அடங்கியது. ஒவ்வொரு முறையும் இலை நுனியில் தொங்கிய நீர்த்துளி நடுங்கியது. வெளிச்சம் பட்டால் பாடுவதை நிறுத்திவிடும். விளக்கை அணைத்து அசையாமல் நில்லுங்கள்; மீண்டும் தொடங்கும்.

பாதையை விட்டு இறங்காதீர்கள். புதர்த் தவளைகளுக்கு நீரில் நீந்தும் தலைப்பிரட்டைப் பருவமே இல்லை. பெரும்பாலான இனங்களில் பெண் தவளை சருகுக்கு அடியில் மண்ணைத் தோண்டி முட்டையிடும். முட்டையிலிருந்து குட்டித் தவளையாகவே வெளிவரும். நாம் மிதிப்பது முட்டையாக இருக்கலாம்.

படி 5: ஒவ்வொரு பதிவின் முடிவிலும் இடம், நேரம், வெப்பநிலை மூன்றையும் வாயால் சொல்லிவிடுங்கள். குளிர் கூடினால் தவளை மெதுவாக அழைக்கும். வெப்பநிலை தெரியாமல் இரண்டு பதிவுகளை ஒப்பிட முடியாது.

படி 6: ஓடாசிட்டி என்ற ஒலி மென்பொருளில் கோப்பைத் திறந்து, நிறமாலைக் காட்சிக்கு மாற்றுங்கள். அதில் இடமிருந்து வலமாக நேரமும், கீழிருந்து மேலாக ஒலியின் சுருதியும் தெரியும். ‘டிக்’ ஒலி செங்குத்துக் கோடாகத் தெரியும். கோடுகளுக்கு இடையிலான நேரத்தை அளந்து எழுதி வையுங்கள்.

பின்சேர்க்கை: அட்டை கடிக்காமலிருக்க மருந்து பூசிக்கொண்டு போகலாமா என்று வாசகர்கள் சிலர் கேட்டிருந்தார்கள். போகலாம், ஆனால் தவளையைத் தொடவே கூடாது. அதன் ஈரத்தோல் கையில் உள்ள மருந்தை உறிஞ்சிவிடும். நான் நீண்ட காலுறையை மட்டும் நம்புகிறேன். இன்னொருவர் அனுப்பிய பதிவில் இருந்தது சில்வண்டு. நிறமாலையில் அது ஒரே உயரத்தில் இடைவிடாமல் ஓடும் பட்டையாகத் தெரிந்தது. சந்தேகம் வந்தால் தொண்டைப் பை அசைவதைக் கண்ணால் பார்த்த பின்பே தவளை என்று எழுதுங்கள்.