‘இதனால் அறியப்படும் நீதி’ இல்லாமல் கதை சொல்வது எப்படி: கடலோரப் பிள்ளைகளோடு உட்காருகிறவர்களுக்கு

சாயங்கால வகுப்பு எடுக்கிறவர்கள், அங்கன்வாடி அக்காமார், லீவுக்கு ஊர் வந்து தெருப்பிள்ளைகளைக் கூட்டி உட்கார வைக்கிற கல்லூரிப் பிள்ளைகள், பேரனுக்கு என்ன கதை சொல்வது என்று தெரியாமல் போனைக் கையில் கொடுத்துவிடுகிற தாத்தா பாட்டிகள், இவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். ராமநாதபுரம் கடற்கரையில் தொண்டி முதல் மூக்கையூர் வரைக்கும் எந்த ஊர்ப் பிள்ளைகளுக்கும் பொருந்தும். சொல்ல வருவது ஒன்றே ஒன்றுதான்: கதையையும் பாட்டையும் சொல்லுங்கள், நீதியைச் சொல்லாதீர்கள். நீதி வேண்டாம் என்பதால் அல்ல, அதைப் பிள்ளைகளே எடுத்துக்கொள்வார்கள் என்பதால். நீங்கள் முந்திக்கொண்டு சொன்னால் அவர்கள் அதை மனப்பாடம் செய்துவிட்டு விளையாடப் போய்விடுவார்கள்.

முதலில் இடமும் நேரமும். கடற்கரையில் உட்கார்ந்து கதை சொல்வது படத்தில் பார்க்க நன்றாக இருக்கும், ஆனால் கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில் உங்கள் குரல் மூன்றாவது வரிசைக்குப் போகாது, வாயெல்லாம் மணல். கரையில் ஏற்றிவைத்த வள்ளத்தின் மறைவில் உட்காருங்கள், இல்லாவிட்டால் வலை பின்னும் கூடம் இருந்தால் அங்கே போய்விடுங்கள். விசைப்படகுகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். பள்ளிக்கூடமும் பெரும்பாலும் லீவு, அப்பாக்களும் கரையில்தான் இருப்பார்கள். கதைக்கு அதைவிட நல்ல காலம் கிடையாது. வலையில் கிழிசல் பார்த்துக்கொண்டே ஒரு காதை இந்தப் பக்கம் வைத்திருக்கும் அப்பா, திடீரென்று “அப்படி இல்லம்மா, அது வேற மாதிரி” என்று உள்ளே வருவார். வரட்டும், தடுக்காதீர்கள். சின்னப் பிள்ளைகள் என்றால் இருபது நிமிஷம் போதும்.

எந்தக் கதையோடு தொடங்குவது என்று கேட்டால், அணில் கதை வேண்டாம் என்பேன். சேதுக்கரைப் பக்கம் பிறந்த பிள்ளைக்கு அது ஏற்கெனவே தெரியும், மூன்று கோடு வரைக்கும் தெரியும். ஆனால் பிறகு ஒருநாள் அதையே வேறு பக்கத்திலிருந்து சொல்லலாம். தொண்டரடிப்பொடியாழ்வார் திருமாலையில் அந்த அணிலைப் பாடும்போது அதன் முதுகைத் தடவியதைப் பற்றிச் சொல்லவில்லை. குரங்குகள் மலையைத் தள்ளிக்கொண்டு வந்த இடத்தில் தண்ணீரில் குளித்து மணலில் புரண்டு ஓடிய அந்த அணில் அளவுக்குக்கூட நான் இல்லையே என்று தன்னை நொந்துகொள்கிறார். பெரியவர் ஒருவர் அணிலைப் பார்த்து வெட்கப்படுகிறார் என்றதும் பிள்ளைகளுக்கு ஆச்சரியமாக இருக்கும். கரைவலை இழுக்கும்போது கயிற்றின் வால் நுனியைப் பிடித்துத் தொங்குகிற பொடிசுகள் எல்லா ஊரிலும் உண்டு. அந்தப் பொடிசு இழுத்ததால் வலை வந்ததா, இல்லையா? அவனுக்குக் கறிக்கு நாலு மீன் கொடுக்கணுமா, வேண்டாமா? இந்தக் கேள்வியைப் போட்டுவிட்டு நீங்கள் வாயை மூடிக்கொண்டால் போதும்.

நான் தொடங்கச் சொல்வது நற்றிணை 45-ஆம் பாட்டை. சங்கப் பாட்டா, எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கா என்று பயப்பட வேண்டாம். புத்தகத்தைத் திறக்காமல், நேற்று நம்ம ஊரில் நடந்த மாதிரி சொல்லுங்கள். பெரிய ஊர்க்காரன் ஒருவன், கடைத்தெருவில் கொடி பறக்கிற ஊர், வேகமாகப் போகிற தேர் வைத்திருக்கிற வீட்டுச் செல்லப்பிள்ளை, கடற்கரைச் சிற்றூர்ப் பெண் ஒருத்தியைச் சுற்றிச் சுற்றி வருகிறான். அவளுடைய தோழி ஒருநாள் அவனை வழிமறித்துப் பேசுகிறாள். “இவள் மீன் பிடிக்கிறவர் மகள். நீயோ தேர் வைத்திருக்கிறவர் மகன். சுறாவை அறுத்துக் காயப்போட்டு, அதைக் கொத்த வருகிற பறவைகளை ஓட்டிக்கொண்டிருக்கிறவர்கள் நாங்கள். உன் அழகும் பவிசும் எங்களுக்கு எதற்கு? எங்கள் மேல் மீன்வாடை அடிக்கும். தள்ளி நில்.”

இங்கே நிறுத்துங்கள். நிறுத்துவதுதான் முக்கியமான வேலை. கருவாடு காயப்போட்டுக் காக்கா ஓட்டாத பிள்ளை உங்கள் முன்னால் ஒன்றுகூட இருக்காது. டவுன் பள்ளிக்கூடத்துக்குப் போகிற பிள்ளைகளில் சிலருக்கு, பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரன் மூக்கைப் பொத்திய கதை இருக்கும். அதை வெளியே எடுக்கச் சொல்லிக் கட்டாயப்படுத்தாதீர்கள், தானாக வந்தால் கேளுங்கள். நீங்கள் கேட்க வேண்டியது இதுதான்: அந்தத் தோழி வெட்கப்பட்டுச் சொல்கிறாளா, திமிராகச் சொல்கிறாளா? இரண்டு கட்சியாகப் பிரிந்து சண்டை போடுவார்கள். ஒருமுறை ஏழாவது படிக்கிற பெண் ஒருத்தி, “அவ நக்கலா சொல்றாக்கா, வாடையடிக்குதுன்னு அவனுக்குத் தோணுறதுக்கு முன்னாடி இவளே சொல்லிட்டா” என்றாள். உரையாசிரியர்கள் எழுதினாலும் இதற்கு மேல் என்ன எழுதியிருப்பார்கள் என்று தோன்றியது.

சண்டை ஓய்ந்த பிறகு மூல வரிகளை வாசியுங்கள், மெதுவாக, இரண்டு தடவை:

“புலவு நாறுதும் செலநின் றீமோ
பெருநீர் விளையுள்எம் சிறுநல் வாழ்க்கை
நும்மொடு புரைவதோ அன்றே
எம்ம னோரில் செம்மலும் உடைத்தே”

கடலே விளைநிலமாக நாங்கள் வாழ்கிற இந்தச் சின்ன, நல்ல வாழ்க்கை உன் வாழ்க்கையோடு ஒத்துப்போவது இல்லை, எங்கள் ஆட்களிலும் பெரிய மனிதர்கள் உண்டு என்று முடிக்கிறாள். அர்த்தம் சொன்னால் போதும், ‘இதிலிருந்து தன்மானம் முக்கியம் என்று தெரிகிறது’ என்று வால் ஒட்ட வேண்டாம். ஒன்பதாம் வகுப்புக்கு மேலே இருக்கிறவர்களிடம் இன்னொன்றும் சொல்லலாம்: அந்தக் காலத்தில் பாட்டுக்குக் கீழே குறிப்பு எழுதி வைத்தவர்கள், இது தோழி அவனை வேண்டுமென்றே தள்ளி நிறுத்துவது என்று எழுதியிருக்கிறார்கள். அவன் சும்மா சுற்றுகிறானா, கல்யாணம் வரை வருவானா என்று பார்க்கிறாள். அப்போது பாட்டு இன்னொரு பக்கமாகத் திரும்பும், மறுபடி சண்டை வரும். நல்லது.

அடுத்தது சீதக்காதி. ‘செத்தும் கொடுத்தான் சீதக்காதி’ என்பதை நாம் பழமொழியாகவே பேசுகிறோம். அவர் கீழக்கரையில் பதினேழாம் நூற்றாண்டில் வாழ்ந்த வணிகர், சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவரை ஆதரித்தவர் என்பது பக்கத்து ஊர்ப் பிள்ளைகளுக்கே தெரிவதில்லை. பஞ்சகாலத்தில் அவர் சோறு போட்டதைப் படிக்காசுப் புலவர் பாடியிருக்கிறார். அந்தப் பாட்டில் நமக்கு வேண்டியது முதல் வரி: “ஓர்தட்டிலே பொன்னும் ஓர்தட்டிலே நெல்லும் ஒக்கவிற்கும்” காலமாம் அது. ஒரு தராசை, இல்லாவிட்டால் இரண்டு சிரட்டையைக் கயிற்றில் கட்டி, நடுவில் தொங்கவிடுங்கள். ஒரு பக்கம் அம்மாவின் தோடு என்று ஒரு கல்லை வைக்கச் சொல்லுங்கள், இன்னொரு பக்கம் நெல். எவ்வளவு வரும்? ஒரு பிடி. ஊற்றுத் தோண்டிச் சிரட்டையால் தண்ணீர் மொண்ட அனுபவமும் தள்ளுவண்டியில் குடத் தண்ணீர் காசு கொடுத்து வாங்கிய அனுபவமும் உள்ள ராமநாதபுரத்துப் பிள்ளைகளுக்குப் பஞ்சத்தை விளக்கவே வேண்டாம். அந்த ஒரு பிடி நெல்லை இலவசமாகக் கொடுப்பது என்றால் என்ன என்று அவர்களே கணக்குப் போடுவார்கள். இறந்த பிறகு கல்லறையிலிருந்து மோதிரக் கை நீண்டது என்கிற கதையையும் சொல்லுங்கள். “நெசமாக்கா?” என்று கேட்பார்கள். நடந்ததா என்பது ஒரு கேள்வி, ஒருத்தரைப் பற்றி ஊர் ஏன் இப்படி ஒரு கதை கட்டியது என்பது இன்னொரு கேள்வி. இரண்டாவதை அவர்களிடம் விடுங்கள்.

இப்போது ஒரு எச்சரிக்கை. புறநானூறு 182 அருமையான பாட்டு. தேவாமிர்தமே கிடைத்தாலும் தனியாகத் தின்னமாட்டார்கள், பழி வரும் என்றால் உலகத்தையே கொடுத்தாலும் வாங்கமாட்டார்கள், அப்படிப்பட்ட ஆட்கள் இருப்பதால்தான் இந்த உலகம் இருக்கிறது என்று போகும். பாடியவர் பெயர் கடலுள் மாய்ந்த இளம்பெருவழுதி. பாட்டை எங்கேயும் சொல்லலாம், பெயரை எல்லா இடத்திலும் சொல்ல முடியாது. உங்கள் முன்னால் உட்கார்ந்திருக்கிற பிள்ளைகளில் கடலுக்குப் போய் வராத அப்பாவின் மகன் இருக்கலாம், இலங்கைச் சிறையில் இருக்கிற சித்தப்பாவின் மகள் இருக்கலாம். முதல் நாளே தெருவில் விசாரித்து வைத்துக்கொள்ளுங்கள். அதற்காகச் சாவு வரும் கதைகளை ஒதுக்கிவைக்கச் சொல்லவில்லை, ஒதுக்கினால் அந்தப் பிள்ளை ‘என் வீட்டில் நடந்தது பேசக்கூடாத விஷயம்’ என்று நினைத்துக்கொள்ளும். முன்கூட்டியே தனியாகக் கூப்பிட்டு, இன்றைக்கு இப்படி ஒரு பாட்டு, நீ இருக்கிறாயா, வலைக்கூடத்துக்கு வெளியே விளையாடுகிறாயா என்று கேட்டுவிடுங்கள். பெரும்பாலும் இருப்பார்கள்.

பிள்ளைகளையே கதை சேகரிக்க அனுப்புவதும் நல்ல வழி. தனுஷ்கோடிப் புயல் 1964 டிசம்பர் 22 இரவு. அன்று பத்து வயதாக இருந்தவர்களுக்கு இன்று எழுபதைத் தாண்டிவிட்டது, அதனால் தள்ளிப்போடாதீர்கள். “பாட்டி, புயலைப் பத்திச் சொல்லுங்க” என்று கேட்டால் ரயிலைக் கடல் அடித்துக்கொண்டு போனது, சர்ச் இடிந்தது என்று எல்லாருக்கும் தெரிந்ததுதான் வரும். “மறுநாள் என்ன சாப்பிட்டீங்க? யார் கொடுத்தா? யார் வீட்ல படுத்தீங்க?” என்று கேட்கச் சொல்லுங்கள். அப்போது வருகிற கதையே வேறு. ஒரே நிகழ்ச்சியை இரண்டு வீட்டில் இரண்டு விதமாகச் சொல்வார்கள், இரண்டையும் அப்படியே நோட்டில் எழுதட்டும், எது சரி என்று தீர்ப்புச் சொல்ல வேண்டாம்.

பாட்டு சேகரிக்கும்போது கவனிக்க ஒன்று உண்டு. தாலாட்டு கேட்டால் உடனே பாடிவிடுவார்கள், பாதித் தாலாட்டு புருஷன் வீட்டைத் திட்டுவதாக இருக்கும், அதையும் எழுதிக்கொள்ளுங்கள். ஒப்பாரி அப்படி இல்லை. வீட்டுக்குள் உட்கார்ந்து சும்மா பாடினால் ஆகாது என்று பாட்டிகள் மறுத்துவிடுவார்கள். வெளியே பனைமரத்தடியிலோ கரையிலோ உட்கார்ந்து கேட்டால் சிலர் பாடுவார்கள், பாடாவிட்டால் விட்டுவிடுங்கள். வலை இழுக்கும்போது பாடுகிற அம்பாப் பாட்டு வேண்டுமென்றால் இழுக்கக் கயிறு வேண்டும். கயிறு இல்லாமல் பாடச் சொன்னால் தாத்தாவுக்கே அடுத்த வரி வராது. பிள்ளைகளைக் கயிறு பிடிக்க வைத்து, அவர் ஒரு வரி, இவர்கள் ‘ஏலேலோ’ என்று இழுத்தால், சேர்ந்து வேலை செய்வது பற்றித் தனியாக வகுப்பு எடுக்க வேண்டியதில்லை.

கடைசியாக, எழுத வைப்பது. ‘கடல் அன்னை’ வரக்கூடாது, ‘அலைகள்’ வரக்கூடாது, அறிவுரை வரக்கூடாது. இன்றைக்கு வீட்டில் பார்த்த ஒரு பொருளிலிருந்து தொடங்க வேண்டும், நாலு வரிக்கு மேல் போகக்கூடாது. நான் மாதிரிக்குப் பலகையில் எழுதிக் காட்டுவது இது:

ஐஸ் பெட்டி காலி.
அப்பா பேசவில்லை.
அம்மா சோறு போட்டாள்,
ஒரு கரண்டி கூடுதலாக.

“அம்மா ஏன் கூடப் போட்டாங்க?” என்று யாராவது கேட்பார்கள். கேட்டவரிடமே திருப்பிக் கேட்டுவிடுங்கள். அவர்கள் எழுதுவதில் எழுத்துப்பிழையை அன்றைக்குத் திருத்த வேண்டாம், இரண்டு நாள் கழித்துத் திருத்திக்கொள்ளலாம்.

இதையெல்லாம் செய்தாலும் ஒரு பிள்ளை கையைத் தூக்கி, “அப்போ இந்தக் கதைக்கு நீதி என்னக்கா? பரீட்சையில கேப்பாங்களே” என்று நிற்கும். அதுவும் நியாயம்தான், மார்க் வேண்டும். இரண்டு வரி சொல்லிக்கொடுத்து, இது பரீட்சைக்கு என்று மேலே எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள்.