சேலத்தில் சுயாதீனப் படம்: லொக்கேஷனைக் காதாலும் பாருங்கள்

டி.ஆர்.சுந்தரம் 1930-களில் சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கியபோது, ஸ்டூடியோச் சுவருக்குள் சத்தமும் வெளிச்சமும் சொன்னபடி கேட்டன. இன்று சொந்தக் காசில் படம் எடுப்பவருக்கு அந்தச் சுவர் இல்லை. பெரும்பாலான தவறுகள் இங்கேதான் ஆரம்பிக்கின்றன.

முதல் தவறு, போன் போட்டோவைப் பார்த்தே வீட்டை முடிவு செய்வது. பழைய ஓட்டு வீடு, அழகான திண்ணை, எல்லாம் சரி. அடுத்த வீட்டில் விசைத்தறி ஓடினால் வசனம் போச்சு. ஏசி இரைச்சல் மாதிரி ஒரே சீரான சத்தத்தை எடிட்டிங்கில் ஓரளவு குறைக்கலாம். தறியின் சடசடப்பு பேச்சோடு பின்னிக்கொள்ளும், பிரிக்க வராது. படப்பிடிப்பு நடக்கப்போகும் அதே கிழமை, அதே நேரத்தில் போய் ஹெட்போன் மாட்டி 15 நிமிடம் பதிவு செய்து கேளுங்கள். ஷூட்டிங் அன்று பிரிட்ஜை அணைத்தால் கார் சாவியை அதற்குள்ளேயே வையுங்கள். கிளம்பும்போது சாவியைத் தேடினால் பிரிட்ஜ் நினைவுக்கு வரும். திரும்பப் போட மறந்து வீட்டுக்காரரிடம் திட்டு வாங்க வேண்டாம். பதிவுக் கருவியின் மீட்டரில் உச்ச ஒலி மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாமல் இருக்கட்டும். ஒவ்வொரு இடத்திலும் யாரும் அசையாமல் ஒரு நிமிடம் வெறும் அறைச் சத்தத்தை எடுங்கள். வசனத் துண்டுகளை ஒட்டும்போது இடைவெளியை நிரப்ப அதுதான் உதவும்.

ஒலி கெட்டுப்போன காட்சியை மௌனமாக விட்டுவிட்டு 'இது என் பாணி' என்பவர்களும் உண்டு. பார்வையாளருக்கு வித்தியாசம் தெரியும்.

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 24 பிரேமில் எடுத்தாலும் கேமராவின் ஷட்டர் வேகத்தை 1/50 நொடியில் வையுங்கள், டியூப்லைட் துடிப்பு அடங்கும். மலிவான எல்.இ.டி. பல்புகள் அப்போதும் துடிக்கலாம். முதல் நாளே சோதித்துவிடுங்கள்.

ஏற்காடு வேறு கதை. சேலத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவுகள் ஏறி, சுமார் 1,500 மீட்டர் உயரத்துக்கு வருகிறீர்கள். ஏசி காரிலிருந்து கேமராவை அப்படியே வெளியே எடுத்தால் லென்ஸில் நீர் படியும். துடைத்தாலும் மறுபடி படியும். மூடிய பையிலேயே அரை மணி நேரம் வெளியே வைத்துப் பிறகு திறங்கள். பனிமூட்டத்தை நம்பிக் காட்சி எழுதியிருந்தால் இடம் முழுக்கத் தெரியும் வைடு ஷாட்டை முதலில் முடியுங்கள். வெயில் வந்தபின் குளோசப்பை ஒரு மரத்தையோ சுவரையோ ஒட்டி எடுத்தால் மாற்றம் தெரியாது. மதியத்தில் வைடு ஷாட்டுக்குத் திரும்புவதுதான் வழக்கமாக நடக்கும் சொதப்பல்.

காபித் தோட்டம் காடு மாதிரிதான் இருக்கும், ஆனால் அது ஒருவருடைய சொத்து. உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். காப்புக்காடு என்றால் வனத்துறையிடம் போக வேண்டும்.

டீக்கடைக் காட்சியில் ரேடியோவை அணைத்துவிடுங்கள். பின்னணியில் இரண்டு வரி சினிமாப் பாட்டு விழுந்தாலும் உரிமைப் பிரச்சினை வரும், வசனத்திலிருந்து அதை உருவவும் முடியாது. நடித்தது நண்பரே ஆனாலும் ஒரு பக்க ஒப்புதல் கடிதத்தில் அவர் கையெழுத்து வேண்டும். படம் முடிந்த சந்தோஷத்தில் உடனே யூடியூபில் ஏற்றாதீர்கள். ஏற்கெனவே இணையத்தில் வெளியான படத்தைச் சில திரைப்பட விழாக்கள் ஏற்பதில்லை. அனுப்ப நினைக்கும் விழாவின் விதிகளை முதலில் படியுங்கள்.