சினிமா எடிட்டர் ஆகணுமா? முதலில் ஹார்டு டிஸ்க்கைத் தூக்குங்கள்

எந்த சாஃப்ட்வேர் நல்லது என்றுதான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள். அது பெரிய விஷயமே இல்லை. டாவின்சி ரிசால்வ் இலவசமாகவே கிடைக்கிறது, ஓரிரு மாதத்தில் கை பழகிவிடும். எனக்கு எடிட்டர் என்று பெயர் வர ஒன்பது வருஷம் ஆனது.

படித்துவிட்டு வரலாம். தரமணியில் அரசு திரைப்படக் கல்லூரி இருக்கிறது; புனேயிலும் கொல்கத்தாவிலும் மத்திய அரசின் கல்லூரிகள். இடம் கிடைத்தால் விடாதீர்கள். எனக்குக் கிடைக்கவில்லை. சாலிகிராமத்தில் ஓர் எடிட்டரிடம் அசிஸ்டென்டாகச் சேர்ந்தேன். ஆறு மாதம் ஒரு கட்கூடப் போட விடவில்லை. ரஷஸை, அதாவது ஷூட்டிங்கில் எடுத்த மூலக் காட்சிகளை, ஹார்டு டிஸ்க்கில் காப்பி எடுப்பது, சீன், ஷாட், டேக் எண் போட்டுப் பெயர் வைப்பது, கிளாப் பலகை மூடும் ஃப்ரேமையும் ‘டக்’ சத்தத்தையும் பொருத்திப் படத்தையும் ஒலியையும் சிங்க் செய்வது, இவ்வளவுதான் வேலை. சலிப்புத்தான். ஆனால், “அந்தச் சிரிப்பு எந்த டேக்குடா?” என்று அவர் கேட்டதும் சட்டென்று எடுத்துக் கொடுக்கிறவனைத்தான் அடுத்த படத்துக்கும் கூப்பிடுவார்.

அடுத்த படி ஸ்பாட் எடிட்டிங். லொகேஷனில் லேப்டாப்போடு உட்கார்ந்து, எடுத்த ஷாட்களை அங்கேயே அடுக்கி, கன்டினியூட்டி (ஷாட்டுக்கு ஷாட் தொடர்ச்சி) இடிக்கிறதா, ஏதாவது ஷாட் விட்டுப்போனதா என்று காட்ட வேண்டும். தேனியில் ஒரு நாள் அவசரத்தில் ஃபைல் எண்ணிக்கையைப் பார்க்காமல் கேமரா மெமரி கார்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஃபார்மட் ஆகிவிட்டது. 4 ஷாட் போச்சு. அதே வெயிலுக்காக மறுநாள் காலை யூனிட்டே காத்திருந்தது. யாரும் என்னோடு பேசவில்லை. இப்போதெல்லாம் இரண்டு டிஸ்க்கில் காப்பி எடுத்து, எண்ணிக்கையும் அளவும் பார்க்காமல் கார்டு என் கையை விட்டுப் போகாது.

ஸ்பாட்டில் உதவி இயக்குநர்களோடு டீ குடியுங்கள். எனக்கு முதல் படம் கொடுத்தவர் அப்படிப் பழகிய அசோசியேட் டைரக்டர்தான். எடிட்டிங் அறையிலிருந்தே டைரக்‌ஷனுக்குப் போனவர்களும் உண்டு. ‘பாசமலர்’ இயக்குநர் ஏ. பீம்சிங் அப்படி வந்தவர். அவர் மகன் பி. லெனின் எடிட்டராகவே பெயர் எடுத்தார்.

அந்த முதல் படத்தில் ஒரு சீன். அம்மா, “சாப்பிட்டியா?” என்கிறாள்; மகன் பதில் சொல்லவில்லை. “லேக் அடிக்குது, வசனத்தைத் தூக்கிடலாமா?” என்றார் டைரக்டர். நான் வசனத்தைத் தொடவில்லை. மகன் முகத்துக்குப் போகும் ‘கட்’டை 8 ஃப்ரேம் முன்னால் இழுத்தேன். நொடிக்கு 24 ஃப்ரேம் என்றால் அது மூன்றில் ஒரு பங்கு நொடிதான். கேள்வியின் கடைசி எழுத்து அவன் முகத்தின் மேல் விழுந்தது. டைரக்டர் அப்புறம் லேக் பற்றிப் பேசவே இல்லை.

சம்பள விஷயம். எடிட்டர்கள் சங்கத்தில் உறுப்பினர் ஆகிவிடுங்கள். அட்வான்ஸ், முதல் கட், லாக் (இனி மாற்றமில்லை என்று எடிட்டை முடிப்பது) என்று பிரித்து வாங்குங்கள். லாக் ஆன ரீல்கள் சி.ஜி.க்கும் (கிராஃபிக்ஸ்) டி.ஐ.க்கும் (கலர் சரிசெய்வது) ஆர்.ஆர்.க்கும் (பின்னணி இசை) கிளம்புவதற்கு முன்னால் கடைசித் தவணை கைக்கு வந்துவிட வேண்டும். ஒரே ஒரு படத்தில் முகதாட்சண்யத்துக்காக அதை விட்டேன். அந்தப் படம் டிவியிலும் வந்துவிட்டது, பாக்கி இன்னும் வரவில்லை.