டேப்பில் விட்ட இடத்திலிருந்து ஃபோனில் தொடர: கேம் சேவ் விஷயத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

டேப்பில் 140-ஆவது லெவல் வரை வந்தாயிற்று. வெளியே போகும்போது ஃபோனில் அதே கேமை இன்ஸ்டால் செய்து திறந்தால், முதல் லெவலும் டுடோரியலும் ஓடுகின்றன. பதறிப்போய்க் கண்ணில் படும் பட்டனையெல்லாம் அழுத்தும் அந்த ஐந்து நிமிடத்தில்தான் பலருடைய ஆட்டம் உண்மையாகவே அழிகிறது. அதுவரை அது ஓர் இடத்தில் பத்திரமாகவே இருந்திருக்கும். எந்த இடம் என்று தெரிந்துகொள்ளாமல் எதையும் தொடுவதுதான் முதல் தவறு.

சேவ், அதாவது ஆட்டம் எதுவரை வந்தது என்ற பதிவு, இருக்கக்கூடிய இடங்கள் மூன்று. க்ளாஷ் ஆஃப் க்ளான்ஸ், பிஜிஎம்ஐ, போகிமான் கோ, கென்ஷின் இம்பாக்ட் போன்றவற்றில் எல்லாம் கேம் நிறுவனத்தின் சர்வரில் இருக்கும். உங்கள் கையில் இருப்பது வெறும் ஜன்னல். சரியான கணக்கில் லாகின் செய்தால் எந்தச் சாதனத்திலும் அதே ஆட்டம் தெரியும். வேறு சில கேம்கள் க்ளவுடில், அதாவது ஆண்ட்ராய்டில் கூகுள் ப்ளே கேம்ஸிலோ ஆப்பிளில் ஐக்ளவுடிலோ, சேவ் பதிவைப் போட்டுவைக்கும். மூன்றாவது வகையில் சேவ் அந்தச் சாதனத்துக்குள் மட்டுமே இருக்கும். ஃப்ளைட் மோடில் போட்டுக் கேமைத் திறந்து பாருங்கள். திறக்கவே மறுத்தால் பெரும்பாலும் சர்வர் வகை. நெட் இல்லாமலேயே தாராளமாக ஓடினால் சேவின் ஒரு பிரதியாவது சாதனத்தில் இருக்கிறது. அது மேலேயும் ஏறுகிறதா என்பதைக் கேமின் செட்டிங்ஸில் க்ளவுட் சேவ் அல்லது அக்கவுண்ட் பகுதியில் பார்க்க வேண்டும்.

ஆண்ட்ராய்டு டேப், ஐஃபோன் என்று வைத்திருப்பவர்களுக்கு ஒரு தனி எச்சரிக்கை. ப்ளே கேம்ஸ் ஐஃபோனில் வேலை செய்யாது. ஆப்பிளின் கேம் சென்டரும் ஐக்ளவுட் சேவும் ஆண்ட்ராய்டு கேமுக்குள் வராது. இந்த இரண்டுக்கும் நடுவில் ஆட்டம் தாண்ட வேண்டுமானால், நிறுவனத்தின் சொந்தக் கணக்கோ இரண்டு பக்கமும் இருக்கும் வேறொரு லாகினோ வேண்டும். க்ளாஷ் ஆஃப் க்ளான்ஸை நடத்தும் சூப்பர்செல் நிறுவனத்தின் கணக்கான சூப்பர்செல் ஐடி இதற்கு நல்ல உதாரணம். பாஸ்வேர்டு கிடையாது, மெயிலுக்கு வரும் 6 இலக்க எண்ணைப் போட்டால் போதும், ஆண்ட்ராய்டோ ஐஃபோனோ அதே கிராமம் திறக்கும். அதனால் அந்த மெயில்தான் சாவி. படிப்பு முடிந்தால் மூடிவிடும் காலேஜ் மெயிலையோ, வேலை மாறினால் போய்விடும் ஆபீஸ் மெயிலையோ கொடுக்காதீர்கள்.

கெஸ்ட்டாகவே ஆடிக்கொண்டிருப்பது அடுத்த தவறு. கெஸ்ட் கணக்குக்குப் பெயர், மெயில் எதுவும் இல்லை. அந்த ஒரு சாதனத்தில் பதிந்த அடையாளம்தான் எல்லாமே. டேப்பை ரீசெட் செய்தாலோ எக்ஸ்சேஞ்சில் கொடுத்தாலோ அதோடு போயிற்று. இதை டேப்பில்தான் சரிசெய்ய வேண்டும், ஃபோனில் அல்ல. டேப்பில் கேமைத் திறந்து, செட்டிங்ஸில் அக்கவுண்ட் பகுதிக்குப் போய் லிங்க் அல்லது பைண்ட் என்பதை அழுத்துங்கள்.

இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது. டேப்பில் அழுத்த வேண்டியது லிங்க். ஃபோனில் அழுத்த வேண்டியது லாகின், சில கேம்களில் ஸ்விட்ச் அக்கவுண்ட். பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோல இருக்கும், வேலை நேர் எதிர். லிங்க் என்றால் ‘இப்போது திரையில் இருக்கும் ஆட்டத்தை இந்தக் கணக்கோடு கட்டு’. லாகின் என்றால் ‘இந்தக் கணக்கில் ஏற்கெனவே இருக்கும் ஆட்டத்தைக் கொண்டுவா’. ஃபோனில் டுடோரியல் முடிந்த கையோடு லிங்க் கொடுத்தால், ஒன்றுமில்லாத புது ஆட்டம் உங்கள் ஜிமெயிலோடு கட்டப்பட்டுவிடும். பிறகு டேப்பின் பழைய ஆட்டத்தை அதே ஜிமெயிலில் சேர்க்கப் போனால், இந்தக் கணக்கு ஏற்கெனவே பயன்பாட்டில் இருக்கிறது என்று மறுக்கும்.

ஒரே ஆளுக்கு நாலு லாகின் இருப்பதும் குழப்பம்தான். கூகுள் பட்டன், ஃபேஸ்புக் பட்டன் இரண்டின் பின்னாலும் இருப்பது உங்கள் ஒரே மெயில் ஐடி என்றாலும், பெரும்பாலான கேம்களுக்கு அவை இரண்டு வெவ்வேறு ஆட்கள். டேப்பில் எந்தப் பட்டனோ ஃபோனிலும் அதே பட்டன். டேப்பில் வீட்டில் உள்ளவர்களின் ஜிமெயிலும் சேர்ந்திருந்தால் கேம் எதைப் பிடித்திருக்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். ப்ளே கேம்ஸ் செட்டிங்ஸில் கேமுக்குக் கேம் கணக்கை மாற்றிக்கொள்ளலாம். ஐஃபோனில் ஆப்பிள் மூலம் லாகின் செய்யும்போது மெயிலை மறைக்கும் வசதியைத் தேர்ந்தெடுத்திருந்தால், கேமுக்குப் போனது உங்கள் மெயில் அல்ல, ஆப்பிள் உருவாக்கித் தந்த ஒரு மாற்று முகவரி. ஆண்ட்ராய்டு டேப்பில் ஜிமெயிலைப் போட்டால் அது புது ஆளாகத்தான் தெரியும். இரண்டு இயங்குதளத்திலும் ஆடப்போகிறீர்கள் என்றால் முதல் நாளே ஆப்பிள் பட்டனைத் தவிர்ப்பது நல்லது. கென்ஷினில் கணக்கு சரியாக இருந்தும் ஆட்டம் காணவில்லை என்றால் சர்வரைப் பாருங்கள். ஏசியாவில் ஆடியதை ஐரோப்பா சர்வரில் தேடினால் புது ஆட்டம்தான் தொடங்கும். திரும்பி வந்து ஏசியாவைத் தேர்ந்தெடுத்தால் பழையது அப்படியே இருக்கும்.

இனி, அதிகம் பேரைக் கவிழ்க்கும் அந்தப் பெட்டி. இரண்டு சாதனத்திலும் வேறு வேறு சேவ் இருந்தால், எதை வைத்துக்கொள்ளட்டும் என்று கேம் கேட்கும்: ஒரு பக்கம் லோக்கல், ஒரு பக்கம் க்ளவுட். லோக்கல் என்றால் நீங்கள் கையில் வைத்திருக்கும் சாதனத்தில் உள்ளது, அவ்வளவுதான். ஃபோனில் இந்தப் பெட்டி வந்தால் லோக்கல் என்பது அந்த ஐந்து நிமிட டுடோரியல். தேதியைப் பார்த்துத் தேர்ந்தெடுக்காதீர்கள். புதிய தேதி டுடோரியலுக்குத்தான் இருக்கும். லெவல், நாணயம், பெயர் இந்த மூன்றையும் படியுங்கள். அவை பெட்டியில் இல்லாவிட்டாலோ சந்தேகம் இருந்தாலோ எதையும் அழுத்தாமல் கேமை மூடிவிட்டு, டேப்பை எடுத்து அங்கே என்ன லெவல் இருக்கிறது என்று பார்த்துவிட்டு வாருங்கள்.

ஆடி முடித்த நொடியே திரையைத் தள்ளி மூடுவதும், இரண்டிலும் ஒரே நேரத்தில் கேமைத் திறந்துவைப்பதும் க்ளவுட் சேவ் கேம்களில் இந்தப் பெட்டியை வரவழைக்கும். லெவல் முடிந்ததும் முகப்புத் திரைக்கு வந்து, நெட் இருக்கும்போது ஒரு நிமிடம் விட்டு மூடுங்கள். பிறகு மற்றதைத் திறங்கள். கேமில் உயிர் (லைஃப்) சீக்கிரம் நிரம்பட்டும் என்று சாதனத்தின் கடிகாரத்தை முன்னே தள்ளிவைப்பவர்கள் உண்டு. எந்த சேவ் புதியது என்பதை நேரத்தை வைத்து முடிவுசெய்யும் கேமில் இது அந்த முடிவையே குழப்பிவிடும்.

ஆண்ட்ராய்டின் பேக்கப்பை சிங்க் என்று, அதாவது இரண்டு சாதனத்திலும் ஆட்டத்தை ஒன்றுபோல வைத்திருக்கும் என்று, நம்பாதீர்கள். அது ஒரு ஆப்புக்கு 25 எம்பி வரைதான் எடுக்கும், அதுவும் சாதனம் சும்மா இருக்கும்போது நாளுக்கு ஒருமுறை போல. ஆப்பைப் புதிதாக இன்ஸ்டால் செய்யும்போதுதான் அது திரும்ப வரும். தினமும் மாறி மாறி ஆடுவதற்கு உதவாது. அதேபோல, கேம் தொங்கினால் கேஷை, அதாவது தற்காலிக ஃபைல்களை, கிளியர் செய்யலாம். பக்கத்திலேயே இருக்கும் கிளியர் டேட்டா, சேவ் பதிவையே துடைத்துவிடும். ஐபேடில் இடம் போதாவிட்டால் ஆஃப்லோட் ஆப் கொடுங்கள், டேட்டா அப்படியே இருக்கும். டிலீட் ஆப் கொடுத்தால் அதுவும் போகும்.

மைன்கிராஃப்டைத் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் மைக்ரோசாஃப்ட் கணக்கில் லாகின் செய்தால் வேர்ல்டும் வந்துவிடும் என்று குழந்தைகள் நம்புகிறார்கள். வராது. கேமுக்குள் இருக்கும் ஸ்டோரில் வாங்கிய பொருட்கள்தான் கணக்கோடு வரும். கட்டிய வேர்ல்டு டேப்பிலேயே இருக்கும், கேமை அன்இன்ஸ்டால் செய்தால் அழியும். கொண்டுபோக, வேர்ல்டு பட்டியலில் பென்சில் படத்தை அழுத்தி, அந்தப் பக்கத்தின் அடிவரை இறங்கி எக்ஸ்போர்ட் வேர்ல்டு கொடுங்கள். எம்சிவேர்ல்டு என்று முடியும் ஒரு ஃபைல் கிடைக்கும். அதை டிரைவ் வழியாக ஃபோனுக்கு எடுத்துத் தொட்டால் மைன்கிராஃப்ட் திறந்து உள்ளே சேர்த்துக்கொள்ளும். ஒவ்வொரு முறையும் புதுப் பிரதிதான் சேரும், பழையதன்மேல் எழுதாது. அதனால் எக்ஸ்போர்ட்டுக்கு முன் வேர்ல்டின் பெயரிலேயே தேதியைச் சேருங்கள். இரண்டு பிரதியிலும் தனித்தனியாகக் கட்டினால் பிறகு ஒன்றாக்க வழியில்லை. ஃபோனில் கேம் பழைய வெர்ஷனாக இருந்தாலும் திறக்காது. இரண்டையும் அப்டேட் செய்துவிட்டுத் தொடங்குங்கள். தினமும் இரண்டிலும் ஆட வேண்டுமென்றால் மாதச் சந்தா கட்டி, மைன்கிராஃப்டின் சொந்த ஆன்லைன் சர்வரான ரெல்ம்ஸில் வைப்பதுதான் ஒழுங்கான வழி.

ஏற்கெனவே தவறான சேவ் மேலே போய்விட்டதா? டேப்பை நெட்டோடு திறக்காதீர்கள். க்ளவுடில் உள்ள டுடோரியல் இறங்கி அங்கேயும் உட்கார்ந்துவிடும். முதலில் ஃப்ளைட் மோட், பிறகு கேம். பழைய லெவல் தெரிந்தால் ஸ்க்ரீன்ஷாட் எடுங்கள், ப்ளேயர் ஐடியும் அதில் தெரியட்டும். சர்வர் வகையாக இருந்தால் ஃபோனில் மேற்கொண்டு ஆடாமல் கேமுக்குள் இருக்கும் சப்போர்ட்டுக்கு எழுதுங்கள். பழைய ப்ளேயர் ஐடி, கடைசியாக ஆடிய தேதி, க்ளான் பெயர், பணம் கட்டியிருந்தால் கூகுள் ரசீதில் ஜிபிஏ என்று தொடங்கும் ஆர்டர் எண், இவற்றை ஒரே கடிதத்தில் கொடுங்கள். வாங்கிச் செலவழித்த டைமண்ட், காயின் போன்றவை ரிஸ்டோர் பர்ச்சேஸ் பட்டனில் திரும்பி வராது. விளம்பர நீக்கம் போல ஒருமுறை வாங்கி நிரந்தரமாக வைத்துக்கொள்பவை மட்டும் வரும், அதுவும் வாங்கிய அதே ஸ்டோர் கணக்கில்.