குரோம்புக்ல கேம் போடும்போது எல்லாரும் பண்ற தப்புகள்

யாராவது "என் குரோம்புக்ல கேம் ஓடவே மாட்டேங்குது, கொஞ்சம் பாரேன்"னு கொண்டுவந்து குடுத்தா நான் முதல்ல திறக்கறது டவுன்லோட்ஸ் ஃபோல்டர் தான். அங்க ஒரே செட்டப் ஃபைல் நாலஞ்சு தடவை இறங்கி கிடக்கும், பேருக்கு பின்னாடி 1, 2, 3னு நம்பர் போட்டு. அதாவது டவுன்லோட் பண்ணி, தட்டி பாத்து, ஒண்ணும் நடக்கலன்னதும் ஃபைல் சரியா இறங்கல போலன்னு நெனச்சு மறுபடி டவுன்லோட் பண்ணி, மறுபடி தட்டி... ஃபைலெல்லாம் நல்லா தான் இறங்கியிருக்கு. அது விண்டோஸ்க்குன்னு செஞ்ச எக்ஸி ஃபைல், குரோம்புக்ல இருக்கற குரோம்ஓஎஸ்க்கு அதை வெச்சு என்ன பண்றதுன்னே தெரியாது, நூறு தடவை இறக்குனாலும் அதே கதை தான்.

இதுல முதல்ல புரிஞ்சுக்க வேண்டியது ஒண்ணே ஒண்ணு, இந்த கேம் எங்க ஓடப்போகுது? குரோம்புக்ல கேம் ஓடறதுக்கு நாலு இடம் இருக்கு. 2011ல முதல் குரோம்புக் விக்க ஆரம்பிச்சப்ப பிரவுசர் மட்டும் தான், 2016ல ஆண்ட்ராய்ட் ஆப் வந்துச்சு, 2018ல லினக்ஸ்னு இன்னொரு ஓஎஸ் உள்ள வந்துச்சு, நாலாவது கிளவுட், அதுல கேம் உங்க லேப்டாப்ல ஓடவே ஓடாது, எங்கயோ இருக்கற சர்வர்ல ஓடி படம் மட்டும் உங்க ஸ்கிரீனுக்கு வரும். எந்த கேமா இருந்தாலும் இந்த நாலுல எதுலன்னு தெரிஞ்சுக்காம கை வெச்சா கண்டிப்பா சிக்கல் தான். உதாரணத்துக்கு ரோப்லாக்ஸ் பிளே ஸ்டோர் ஆப்பா வந்துடும், ஃபோர்ட்நைட் கிளவுட்ல தான் ஆட முடியும், வேலரண்ட்டோட ஆன்டிசீட், அதாவது ஏமாத்தி ஆடறவங்கள புடிக்கற புரோகிராம், விண்டோஸோட அடிமடி வரைக்கும் போய் உக்காரற டைப், அதனால அந்த கேம மறந்துடுங்க, எந்த யூடியூப் தம்பி என்ன ட்ரிக் சொன்னாலும் சரி.

மைன்கிராஃப்ட் விஷயத்துல பணமே போகும், அதனால தனியா சொல்றேன். ஜாவா எடிஷன், பெட்ராக் எடிஷன்னு ரெண்டு இருக்கு. குரோம்புக்குக்கு 2023ல வந்தது பெட்ராக், பிளே ஸ்டோர்ல வாங்கணும். கம்ப்யூட்டர்னு போட்டிருக்கே, இதுவும் கம்ப்யூட்டர் தானேன்னு விண்டோஸ் பேக்க வாங்கிட்டு அப்புறம் பிளே ஸ்டோர்ல போய் ஏன் மறுபடி காசு கேக்குதுன்னு முழிக்காதீங்க. ஜாவா எடிஷன லினக்ஸ் வழியா போடலாம், ஆனா பிராசசர் இன்டெல் இல்லன்னா ஏஎம்டியா இருக்கணும், ஏஆர்எம் சிப் போட்ட மெஷின்னா அவங்களோட ஒரிஜினல் லாஞ்சரே உள்ள போகாது. நிறைய சின்ன விலை குரோம்புக்ல ஏஆர்எம் தான் இருக்கும், வாங்கறதுக்கு முன்னாடி ஸ்டிக்கர ஒரு பார்வை பாத்துக்கோங்க.

அடுத்த தப்பு பழைய வீடியோவ நம்பறது. கம்ப்யூட்டர் கேம் விக்கற ஸ்டீம்னு ஒரு கடை இருக்கு, குரோம்புக்ல ஸ்டீம் போடுவது எப்படின்னு ஏகப்பட்ட வீடியோ கிடக்கு, அதெல்லாம் பொய் இல்ல, அப்ப நிஜமாவே இருந்துச்சு. 2022 மார்ச்ல ஆல்ஃபாவா விட்டாங்க, அதே வருஷம் நவம்பர்ல பீட்டா ஆச்சு, ஆனா பீட்டாவ தாண்டவே இல்ல, 2026 ஜனவரி 1ஓட மூடிட்டாங்க, ஏற்கனவே போட்டு வெச்சிருந்த கேமும் அதோட போச்சு. இது தெரியாம செட்டிங்ஸ் முழுக்க தேடி, சோதனையில இருக்கற வசதிகள ஆன் பண்ற ஃபிளாக்ஸ் பக்கத்துக்கு போய் என்னென்னத்தையோ ஆன் பண்ணிட்டு வந்து, இப்ப லேப்டாப்பே தடுமாறுதுன்னு சொல்றவங்கள பாத்திருக்கேன். அந்த ஃபிளாக்ஸ் பக்கத்துல மேலயே எச்சரிக்கை போட்டிருக்கான், யார் படிக்கறா. ஏற்கனவே மாத்தி குழப்பி வெச்சிருந்தா அதே பக்கத்துல ரீசெட் ஆல்னு ஒரு பட்டன் இருக்கு, அதை அமுக்கி ரீஸ்டார்ட் பண்ணுங்க போதும். லினக்ஸ் பக்கமா ஸ்டீம போட்டு பாக்கறவங்களும் உண்டு, சின்ன 2டி கேம்னா தேறும், பெருசா எதிர்பாக்காதீங்க.

இப்ப டெவலப்பர் மோட், அதாவது குரோம்புக்கோட பாதுகாப்பு பூட்ட கழட்டி விடற செட்டிங். பிளே ஸ்டோருக்கு வெளில இருந்து ஏபிகே ஃபைல், அதாவது ஆண்ட்ராய்ட் ஆப்போட இன்ஸ்டால் ஃபைல், போடணும்னு தேடுனா பாதி பேர் முதல்ல டெவலப்பர் மோட ஆன் பண்ணுன்னு தான் சொல்லுவாங்க. அதை ஆன் பண்ற நிமிஷமே லேப்டாப்ல இருக்கறது எல்லாம் அழியும், இது ஒண்ணு. ரெண்டாவது, பூட் ஆகும்போது சிஸ்டம யாராவது தொட்டிருக்காங்களான்னு செக் பண்ற வேலை, அதாவது குரோம்புக்குக்கு ஏன் ஆன்டிவைரஸ் வேணாம்னு சொல்றாங்களோ அதுக்கு பெரிய காரணமே அது தான், அது நின்னுடும். மூணாவது தான் வேடிக்கை. நான் ஒரு தடவை ஏதோ ஒரு கேமுக்காக இதை பண்ணி வெச்சிருந்தேன், ஒவ்வொரு தடவை ஆன் பண்ணும்போதும் ஓஎஸ் வெரிஃபிகேஷன் ஆஃப்ல இருக்குன்னு ஒரு பயங்காட்டற ஸ்கிரீன் வரும், நான் பாட்டுக்கு கன்ட்ரோலும் டியும் அமுக்கி தாண்டி போயிடுவேன், பழகிடுச்சு. ஒரு நாள் அக்கா பையன் எடுத்து ஆன் பண்ணான், ஸ்பேஸ் அமுக்குனா சரியாகும்னு ஸ்கிரீன்ல இருந்துச்சு, நல்ல பிள்ளையா அமுக்கிட்டான், நிச்சயமான்னு கேட்டதுக்கு எண்டரும் தட்டிட்டான். அவ்ளோ தான், மொத்தமும் துடைச்சு புதுசாட்டம் வந்து நின்னுச்சு. அவன எப்படி திட்டறது, ஸ்கிரீன் சொன்னத தானே செஞ்சான்.

ஏபிகே போட்டே ஆகணும்னா லினக்ஸ் செட்டிங்ஸ் உள்ள ஆண்ட்ராய்ட் ஆப் டெவலப் பண்றவங்களுக்குன்னு ஏடிபி ஆப்ஷன் இருக்கு, அதுக்கு டெவலப்பர் மோட் தேவையே இல்ல. ஆனா அதையும் சும்மா ஆன் பண்ணி பாக்காதீங்க, திரும்ப ஆஃப் பண்ணணும்னா லேப்டாப்ப ரீசெட் அடிக்க சொல்லும். அதுக்கும் மேல, மாட் ஏபிகே (யாரோ மாத்தி வெச்ச ஆப்), அன்லிமிடெட் காயின்னு வர்றதெல்லாம் யார் என்னத்த உள்ள சொருகி அனுப்பறாங்கன்னு யாருக்கும் தெரியாது, அதே லேப்டாப்ல தான் உங்க மெயிலும் பேங்க் லாகினும் இருக்கு.

பிரவுசர் கேம்லயும் குழி இருக்கு, இன்னும் சொல்லப்போனா இங்க தான் அதிகம், ஏன்னா இன்ஸ்டால் பண்ணலயே என்ன ஆகிடப்போகுதுன்னு ஒரு தைரியம். பழைய கேம் சைட்டுக்கு போனா ஃபிளாஷ் பிளேயர் அப்டேட் பண்ணுங்கன்னு ஒரு பெட்டி வரும். முன்னாடி பிரவுசர் கேமெல்லாம் ஓட உதவுன ஃபிளாஷ் 2020 டிசம்பர் 31ஓட செத்துப்போச்சு, அதுக்கு அப்டேட்னு ஒண்ணு வரவே வராது, அப்படி எவன் சொன்னாலும் டேப மூடிட்டு வந்துடுங்க. பழைய ஃபிளாஷ் கேம் தான் வேணும்னா ரஃபிள்னு ஒரு ஓப்பன் சோர்ஸ் எமுலேட்டர் இருக்கு, அதை உள்ளயே வெச்சிருக்கற சைட்ல போய் ஆடுங்க, இன்டர்நெட் ஆர்க்கைவ்ல நிறைய இருக்கு. இன்னொண்ணு, கேம் பேர்ல வர்ற எக்ஸ்டென்ஷன். ஒரு பாம்பு கேமுக்கு எதுக்குங்க "எல்லா வெப்சைட்லயும் உள்ள டேட்டாவ படிக்கவும் மாத்தவும்" பர்மிஷன்? எக்ஸ்டென்ஷன் போடும்போது அந்த ஒரு வரிய மட்டுமாவது படிங்க. நோட்டிஃபிகேஷன் அனுப்பலாமான்னு கேட்டாலும் வேணாம்னு சொல்லிடுங்க, இல்லன்னா நாலு நாள்ல "உங்க லேப்டாப்ல 5 வைரஸ்"னு மூலையில மெசேஜ் குவியும், அது வைரஸ் இல்ல, நீங்க அன்னிக்கு அலவ் குடுத்த சைட் அனுப்பற விளம்பரம். செட்டிங்ஸ்ல போய் அந்த சைட்டோட பர்மிஷன எடுத்துவிட்டா நின்னுடும்.

ஸ்டோரேஜ். 32 ஜிபின்னு டப்பால போட்டிருந்தா 32ம் உங்களுக்கில்ல. குரோம்ஓஎஸ் தன்னோட ரெண்டு காப்பிய எப்பவும் வெச்சிருக்கும், ஒண்ணுல நீங்க வேலை பாத்துட்டு இருப்பீங்க, அப்டேட் இன்னொண்ணுல இறங்கும், அதனால தான் அப்டேட் சொதப்புனாலும் மெஷின் எழுந்து நிக்குது. அதுக்கப்புறம் ஆண்ட்ராய்ட் ஒரு பங்கு, லினக்ஸ ஆன் பண்ணுனா அதுக்கு ஒரு பங்கு, அதுவே சாதாரணமா 10 ஜிபி ஒதுக்க சொல்லும். லினக்ஸ ஒரு தடவை என்னன்னு பாக்க போட்டுட்டு அப்படியே விட்டவங்க செட்டிங்ஸ்ல போய் ரிமூவ் பண்ணுங்க, திடீர்னு இடம் கிடைக்கும். ஃபோட்டோ, வீடியோ எல்லாம் எஸ்டி கார்டுக்கு தள்ளிடுங்க.

ரேம் 4 ஜிபின்னா பதினஞ்சு டேப் திறந்து வெச்சுட்டு கேம் ஜெர்க் ஆகுதுன்னு புலம்பறதுல அர்த்தமே இல்ல. சர்ச் கீயும் எஸ்கேப்பும் சேத்து அமுக்குனா டாஸ்க் மேனேஜர் வரும், எது எவ்ளோ தின்னுதுன்னு அதுல வரிசையா தெரியும், பெரும்பாலும் கேம விட பக்கத்து டேப் தான் அதிகமா தின்னுட்டு இருக்கும். முதல் பத்து நிமிஷம் நல்லா ஓடி அப்புறம் மெதுவாச்சுன்னா அது சூடு. நிறைய குரோம்புக்ல ஃபேனே கிடையாது, சூடானா பிராசசர் தானா வேகத்த குறைச்சுக்கும், மெத்தை மேல வெச்சு ஆடாதீங்க.

கிளவுட் கேமிங்ல எல்லாரும் பாக்கறது ஸ்பீட் மட்டும் தான். ஜிஃபோர்ஸ் நவ்னு ஒரு கிளவுட் கேம் சர்வீஸ் 720பிக்கு 15 எம்பிபிஎஸ், 1080பிக்கு 25 எம்பிபிஎஸ் கேக்குது, நம்மகிட்ட 100 இருக்கேன்னு உக்காந்தா பட்டன் அமுக்கி அரை செகண்ட் கழிச்சு ஆளு குதிப்பான். அது ஸ்பீட் இல்ல, பிங், அதாவது உங்க அமுக்கு சர்வருக்கு போய் திரும்ப வர்ற நேரம். அவங்களே 80 மில்லிசெகண்டுக்குள்ள இருக்கணும்னு சொல்றாங்க. பக்கத்துல சர்வர் இல்லன்னா எவ்ளோ பெரிய பிளான் போட்டாலும் இது குறையாது, அதனால காசு கட்டறதுக்கு முன்னாடி ஃப்ரீ பிளான்ல ஆடி பாருங்க, ஒரு தடவைக்கு ஒரு மணி நேரம் விடுவான். ரவுட்டர்ல 5 கிகாஹெர்ட்ஸ்ல கனெக்ட் பண்ணுங்க, 2.4ல போட்டுட்டு லேக்னு சொல்லாதீங்க. மொபைல் ஹாட்ஸ்பாட்ல ஆடறவங்க ஒரு சின்ன கணக்கு போடுங்க, 15 எம்பிபிஎஸ் விடாம ஒரு மணி நேரம் ஓடுனா 6.75 ஜிபி. அப்புறம் ஜிஃபோர்ஸ் நவ் கேம் குடுக்கற இடம் இல்ல, ஸ்டீம்லயோ எபிக்லயோ நீங்க வாங்கி வெச்சிருக்கற கேம ஓட்டிக்காட்டற இடம், எக்ஸ்பாக்ஸ் கிளவுட்ல அப்படி இல்லாம சந்தாவோடயே ஒரு கேம் பட்டியல் வரும். ரெண்டையும் குழப்பிக்கிட்டு சந்தா கட்டிட்டு கேம் எங்கன்னு தேடறவங்க நிறைய.

கீபோர்ட்ல ஒரு கொடுமை இருக்கு. சுடற கேம்ல டபிள்யூ அமுக்குனா முன்னாடி போகும், நிறைய கேம்ல குனியறதுக்கு கன்ட்ரோல். குனிஞ்சுகிட்டே முன்னாடி போனீங்கன்னா கன்ட்ரோல் டபிள்யூ, டேபே மூடிடும்! கேமுக்குள்ள செட்டிங்ஸ்ல குனியற பட்டன 'சி' கீக்கு மாத்திடுங்க, ஆட ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி. மேல் வரிசையில எஃப்1, எஃப்2 கிடையாது, அந்த இடத்துல பேக், ரீஃப்ரெஷ் இருக்கும், நம்பர் கீய தேடி விரல் கொஞ்சம் மேல போச்சுன்னா பக்கம் முதல்ல இருந்து லோட் ஆகும். எஃப் கீ வேணும்னா சர்ச்சோட சேத்து அமுக்கணும். டச்பேட்ல சுடற கேம் ஆடறத பத்தி பேசவே வேணாம், ஒரு மவுஸ் வாங்குங்க, செட்டிங்ஸ்ல மவுஸ் ஆக்சிலரேஷன ஆஃப் பண்ணுங்க. ஆண்ட்ராய்ட் கேம் பல ஃபோன் டச்சுக்குன்னே செஞ்சது, கீபோர்ட கண்டுக்கவே கண்டுக்காது, காசு குடுத்து வாங்கற கேம்னா ரிவ்யூல குரோம்புக்னு தேடி படிச்சுட்டு வாங்குங்க.

ஸ்கூலோ ஆபீஸோ குடுத்த லேப்டாப்னா அதுல முட்டி மோதாதீங்க, ரீசெட் பண்ணா கூட முதல் தடவை நெட் கிடைச்சதும் மறுபடி அவங்க கண்ட்ரோலுக்கே போயிடும். அன்பிளாக் பண்றேன்னு வர்ற பிராக்ஸி சைட்ல நீங்க டைப் பண்ற பாஸ்வேர்ட் அந்த சைட்காரன் வழியா தான் போகும், அதையும் யோசிச்சுக்கோங்க. நெட்டே இல்லாத நேரத்துல அட்ரஸ் பார்ல chrome://dino-ன்னு போட்டு அந்த டைனோசர் கேம திறந்து குதிச்சுட்டு இருங்க, அதை யாரும் பிளாக் பண்ணலன்னா.

கடைசியா சேவ். பிரவுசர் கேம் நிறைய உங்க லெவல் எல்லாத்தையும் அந்த பிரவுசர் உள்ளயே தான் எழுதி வெச்சிருக்கும், எந்த சர்வர்லயும் இல்ல. லேப்டாப் ஸ்லோவா இருக்கேன்னு பிரவுசிங் டேட்டாவ கிளியர் பண்ணும்போது குக்கீஸ், சைட் டேட்டான்னு இருக்கற டிக்கையும் சேத்து போட்டா மூணு மாச ஆட்டம் காலி. கெஸ்ட் மோட்ல ஆடுனா வெளிய வந்த உடனே காலி, பவர்வாஷ், அதாவது லேப்டாப்ப மொத்தமா ரீசெட் பண்ணா கேக்கவே வேணாம். அந்த கேம் செட்டிங்ஸ்ல எக்ஸ்போர்ட் சேவ்னு ஒரு பட்டன் இருக்கான்னு இன்னிக்கே தேடுங்க, இருந்தா ஃபைல இறக்கி டிரைவ்ல போட்டுடுங்க. டவுன்லோட்ஸ் ஃபோல்டர்ல விட்டுட்டு பவர்வாஷ் பண்ணிட்டு வந்து என்கிட்ட கேக்காதீங்க, அதுவும் சேந்து தான் போகும்.